ஏழாயிரம் வருஷத்து எருமை

இல்ல சாரே, நகராது. ஆகாயத்தாமரை அடைச்சிருச்சு பாருங்க, அந்தக் கரையிலேருந்து இந்தக் கரை வரைக்கும் பச்சையாக் கெடக்கு. கழிய ஊனி நிறுத்திட்டேன். கொஞ்சம் காத்தடிச்சா தானா வெலகும், அதுவரைக்கும் உக்காந்திருங்க. எந்திரிக்க மட்டும் எந்திரிக்காதீங்க. போன மாசம் பஞ்சாயத்து கிளார்க்கு போன் பேசிக்கிட்டே இதே எடத்துல எந்திரிச்சாரு. ஆள மட்டும்தான் எடுக்க முடிஞ்சுது.

அவசரம்னு தெரியும் சாரே. இன்னைக்கு வியாழன், சனிக்கிழமை மந்திரி வர்றாரு. மாமர வளைவுல பந்தல் போடுறாங்க, ரெண்டு வள்ளத்தச் சேத்துக் கட்டி அதுல தோண்டுற மெஷின ஏத்திக் கொண்டு வர்றாங்க. காலையில டீக்கடையில பேப்பர் பாத்தேன். உங்க படம் நல்லா வந்திருக்கு, தாடிய மட்டும் எடுத்திருக்கலாம். குட்டநாட்டுச் சேத்துக்குள்ள ஏழாயிரம் வருஷத்து வள்ளம், உலகத்துலயே இவ்வளவு பழசு கொஞ்சந்தான் இருக்குன்னு போட்டிருக்கான். படிச்சுட்டு நான் டீக்குக் காசு குடுக்க மறந்துட்டு வந்துட்டேன்.

சந்தோஷந்தான், சந்தோஷம் இல்லாம என்ன. ரெண்டு வருஷமா உங்கள அக்கரை இக்கரை கடத்துறது யாரு, இந்த ஏலியாம்மாதான. மழையில நனைஞ்சுக்கிட்டு, அட்டை கடிச்ச காலோட, மண்ணெடுக்குற குழாயக் கட்டிப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருப்பீங்க. பெத்த புள்ளயக் கூட அப்படிப் புடிக்க மாட்டாங்க. எங்க வீட்ல கப்பக்கெழங்கும் மீன்கறியும் தின்னுட்டு, எரிச்சல்ல கண்ணுல தண்ணி வடிய, சூப்பர் சேட்டத்தின்னு சொல்லுவீங்க. அதனாலதான் சொல்றேன், சனிக்கிழமைக்கு முன்னால உங்க காதுல ஒரு விஷயத்தப் போட்டாகணும். உங்க பேரு கெட்டுறக் கூடாது.

பதறாதீங்க. சொல்றேன், வரிசையாச் சொல்றேன். நீங்கதான சொல்லிக் குடுத்தீங்க, மேல இருக்குறத மொதல்ல எடுக்கணும், அப்புறம் கீழ போகணும்னு.

மொதல் தடவ வந்தப்ப நீங்க சொன்னது இன்னும் ஞாபகம் இருக்கு எனக்கு. இந்த நெலமெல்லாம் ஒரு காலத்துல பெரிய காடு, அப்புறம் கடல் ஏறி வந்துச்சு, காட்ட முக்கிருச்சு, மரமெல்லாம் விழுந்து சேத்துல பொதைஞ்சு கரியாயிருச்சு, பின்னால ஆறு மண்ணக் கொண்டாந்து கொட்டிக் கொட்டி கடலத் தள்ளிருச்சுன்னீங்க. எங்க பள்ளியில, அதான் சர்ச்சுல, பாதிரி அச்சன் அது நோவா காலத்து வெள்ளம்னாரு. எனக்கு ரெண்டும் ஒண்ணுதான், ரெண்டு பேரும் தண்ணியத்தான் சொல்றீங்க. ஆனா உங்க கதைய நான் அப்பவே நம்பிட்டேன். ஏன்னா அந்தக் காட்டு மரத்த நான் கையால தொட்டிருக்கேன். கையால என்ன, மூணு வருஷம் கழி போட்டுத் தள்ளியே இருக்கேன்.

அது வர்றேன், அதுக்குத்தான் வர்றேன்.

எங்க வயல்ல ஏர் ஓட்டுனா கறுப்பு மரம் தட்டும்ல, கண்டமரம். முழு மரமாக் கெடைக்கும், வேரோட, சில சமயம் பட்டையோட. எல்லாரும் என்ன செய்வாங்க, வெட்டி அடுப்புல வெப்பாங்க. எங்க வீட்டுக்காரரு, அச்சாயன், என்ன செஞ்சாரு தெரியுமா? ஆமா, அவருதான். நீங்க வறீச்சன் சேட்டா வறீச்சன் சேட்டான்னு கூப்பிட்டு, கழுத்துல ஒரு விசிலையும் மாட்டி, குழிக்குக் காவல் வெச்சிருக்கீங்களே, அதே ஆளுதான். எச்சக் கையால காக்கா ஓட்டாத மனுஷன் சாரே. தீக்குச்சிய நெடுக்கக் கீறி ரெண்டாக்கிப் பத்த வெப்பாரு. ஊர்ல எல்லாரும் அயினிப் பலகை வாங்கி வள்ளம் கட்டுறாங்க. இவருக்கு மரத்துக்குக் காசு குடுக்க மனசில்ல. வயல்ல சும்மாதான கெடக்குன்னு கண்டமரத்த அறுத்து, பலகை போட்டு, துளை போட்டு, தேங்கா நார்க் கயித்தால தானே தச்சு ஒரு வள்ளம் கட்டிட்டாரு.

சிரிங்க, சிரிங்க. ஊரே சிரிச்சுது. அந்த மரம் சேத்துக்குள்ள இருக்குற வரைக்கும் கல்லு. வெளிய எடுத்து ரெண்டு நாள் வெயில்ல வெச்சா பிஸ்கட் மாதிரி விண்டுரும். உங்களுக்குத் தெரியாததா. அதனால அந்த வள்ளத்த ஒரு நாளும் கரையேத்த முடியாது, எப்பவும் தண்ணியிலயே கெடக்கணும். கன்னங்கரேல்னு, கனமா, முக்காவாசி முங்கி, மூக்கு மட்டும் வெளிய தெரியும். புள்ளைங்கதான் பேரு வெச்சுதுங்க, எருமைன்னு. அதுவே நெலைச்சிருச்சு. வறீச்சனோட எருமை எங்கன்னு கேட்டா யாரும் தொழுவத்தப் பாக்க மாட்டாங்க, காயலத்தான் பாப்பாங்க.

ஏன் சாரே மூஞ்சி ஒரு மாதிரி போகுது? தண்ணி குடிங்க, அந்தப் பாட்டில்ல இருக்கு. சீரகம் போட்டுக் காய்ச்சினது.

இப்ப நான் வள்ளம்களி நாளுக்கு, அந்தப் படகுப் பந்தய நாளுக்கு வரணும். ஆகஸ்ட் மாசம், ரெண்டாவது சனிக்கிழமை. எங்க மூத்தவ அப்ப என் வயித்துல அஞ்சு மாசம். இப்ப அவ குவைத்துல நர்சு, வர்ற கிறிஸ்துமஸுக்கு முப்பத்தொம்பது முடியுது. நீங்களே கணக்குப் போட்டுக்குங்க, உங்களுக்குத்தான் வருஷக் கணக்கு கைவந்த கலையாச்சே.

விடியுறதுக்கு முன்னால ஆம்பளைங்க எல்லாம் கெளம்பிட்டாங்க. எங்க கரையோட சுண்டன் வள்ளம் அந்த வருஷம் பந்தயத்துல நின்னுச்சு. நூறு பேரு துடுப்புப் போட, மிச்சம் இருக்குறவன் ஆர்ப்பரிக்க. எங்க அச்சாயன் துடுப்பெல்லாம் போட மாட்டாரு, தாளத்துக்குக் கட்டை இடிக்கிற வேலை. அடுத்தவன் கை வலிக்க இவரு தாளம் போடுவாரு. ஊர்ல மிச்சம் இருந்தது பொம்பளைங்க, கைக்கொழந்தைங்க, படுக்கையில கெடந்த ரெண்டு கெழவங்க.

ஒரு பத்து மணி இருக்கும், வரப்பு உடைஞ்சிருச்சு. அதே எடந்தான் சாரே, இன்னைக்கு மாமரம் நிக்கிற வளைவு. அப்ப அது வளைவு இல்ல, நேரா இருந்துச்சு. மொதல்ல ஒரு முழம் அகலந்தான். கஞ்சி வடிக்கிற நேரத்துல ஒரு வள்ளம் நுழையுற அளவு ஆயிருச்சு. வயலு கீழ கெடக்கு, காயல் மேல கெடக்கு, எறங்குற தண்ணி கீழ மண்ணக் கொடைஞ்சு கெணறு மாதிரி ஆக்கிருச்சு. கதிர் பால் புடிச்ச நேரம். முந்நூறு ஏக்கர்.

பதினோரு பொம்பளைங்க நின்னோம். வாழத்தண்டு போட்டோம், போச்சு. வைக்கப்போரு போட்டோம், போச்சு. தென்ன ஓலைய முடைஞ்சு மண்ணு கட்டிப் போட்டோம், அதுவும் போச்சு. அப்பத்தான் கார்த்து வந்தா. செல்லப்பன் பொண்டாட்டி கார்த்து, செத்து நாலு வருஷமாச்சு, நீங்க பாத்திருக்க மாட்டீங்க. இந்தக் காயலுக்குள்ள முங்கி அடி மண்ணெடுத்து மேல போட்டு இத்தன வரப்பையும் ஒசத்துனது அவ அப்பனும் பாட்டனுந்தான். நெலம் மட்டும் எங்க பேர்லயும் எங்களுக்கு மேல இருக்குறவங்க பேர்லயும் இருந்துச்சு. அன்னைக்கு வரைக்கும் என்ன அவ கொச்சம்மான்னு, சின்ன எஜமானின்னு கூப்பிடுவா. இடுப்புல கை வெச்சு உடைப்பப் பாத்தா. அடியே, இது மண்ணு தின்னு அடங்குற வாயி இல்ல, ஒரு வள்ளத்தக் குடுன்னா. அதுக்கப்புறம் சாகுற வரைக்கும் என்ன அவ அடியேன்னுதான் கூப்பிட்டா, நானும் வேண்டாம்னு சொல்லல.

குடுத்தோம் சாரே. கயிறு கட்டி, மண்ணு நெரப்பி, உடைப்புக்கு நேரா மெதுவா விட்டு, கார்த்து கோடாலியால அடியில ரெண்டு போடு போட்டா. எருமை ஒரு தடவ தலையத் தூக்குச்சு. அப்புறம் குழிக்குள்ள எறங்கி, குறுக்கால படுத்துருச்சு. தண்ணி அப்படியே வேகம் குறைஞ்சுது.

ஆமா. அதே எருமைதான்.

உக்காருங்க, சொன்னேன்ல எந்திரிக்காதீங்கன்னு. வள்ளம் ஆடுது பாருங்க. இன்னும் முடியல.

மேல மண்ணு போடணும்ல? வயல் மண்ணெடுத்தா வயலு போயிரும். கார்த்து முங்குனா, அவ தங்கச்சி முங்குனா, காயலோட அடியிலேருந்து பச்சக் களிமண்ணு, கிளிஞ்சல் கலந்தது, கட்டி கட்டியாத் தூக்கிட்டு வந்தாங்க. நாங்க மேல நின்னு மிதிச்சோம். அஞ்சு மாச வயித்தோட நான் மிதிச்சேன். சாயங்காலம் நாலு மணிக்குள்ள வரப்பு நின்னுருச்சு, கொஞ்சம் உள்ள தள்ளி வளைஞ்சு.

இப்பப் புரியுதா உங்க குழாயில வந்த அந்தக் கிளிஞ்சல் எங்கேருந்து வந்துச்சுன்னு? நீங்க அதுக்கு நாலாயிரம் வருஷம்னு சொன்னீங்க. சரிதான், காயல் அடியில அது நாலாயிரம் வருஷமாக் கெடந்திருக்கும். மேல கிளிஞ்சல் நாலாயிரம், கீழ மரம் ஏழாயிரம். அடுக்கு சரியா இருந்துச்சு, நீங்க நம்பிட்டீங்க. உங்க படிப்புல கீழ கெடக்குறது மூத்தது, மேல கெடக்குறது எளையது. எங்க ஊர்ல அப்படி எழுதி வைக்க முடியாது சாரே. இங்க பாதி எடத்துல அடி மண்ணு மேல இருக்கும், ஏன்னா நாங்கதான் தூக்கிப் போட்டோம். எதுக்கும் இனிமே குழாய எறக்குறதுக்கு முன்னால ஊர்ல நாலு பொம்பளைங்கள விசாரிங்க.

விசாரிச்சேங்கிறீங்களா? யாருகிட்ட, எங்க அச்சாயன்கிட்டயா? அது ஒரு தனிக் கதை, அதுக்கும் வர்றேன்.

அன்னைக்கு சாயங்காலம் ஆம்பளைங்க திரும்பி வந்தாங்க. தோத்துட்டாங்க, ஆனா ஜெயிச்சவங்கள விட ரெண்டு கலயம் கூடக் குடிச்சிருந்தாங்க. வரப்பப் பாத்தாங்க, உடைஞ்சுதா, அடைச்சுட்டீங்களா, பொம்பளைங்களா அடைச்சீங்கன்னு ஆச்சரியப்பட்டாங்க. நாங்க தலைய ஆட்டுனோம். அச்சாயன் எருமை எங்கன்னாரு. தண்ணி இழுத்துட்டுப் போயிருச்சுன்னேன். எந்தப் பக்கம்னாரு. கெழக்கன்னு கைய நீட்டுனேன்.

அது ஏன்னு கேளுங்க. வள்ளத்த ஊருக்காகத்தான முக்குனோம், சொன்னா என்ன குறைஞ்சிருக்கும். ஊரே கை தட்டியிருக்கும். ஆனா ஒரு சின்ன சங்கதி இருக்கு. அன்னைக்குக் கரையில ரெண்டு வள்ளம் இருந்துச்சு சாரே. ஒண்ணு எருமை. இன்னொண்ணு பள்ளியோட வள்ளம், அச்சன் வியாதிக்காரங்கள பாக்கப் போறது. கார்த்து கையக் காட்டுனது பள்ளி வள்ளத்த. அது பழசு, ஓட்டை, அடுத்த வாரம் புதுசு வர்றதா இருந்துச்சு. நான்தான் வேண்டாம் வேண்டாம், கர்த்தரோட சொத்து, பாவம் வந்துரும், என் வீட்டு வள்ளத்தயே எடுத்துக்கன்னேன். கார்த்து என்ன ஏற எறங்கப் பாத்தா. பதினோரு பேரையும் நிக்க வெச்சு, எவளாவது வாயத் தொறந்தா அடுத்த உடைப்புல அவளத்தான் முக்குவேன்னா.

பக்தியா? நல்லாச் சொன்னீங்க. கல்யாணம் ஆகி வந்த மறுநாள்லேருந்து அந்த எருமையத் தள்ளுனது நான். காலையில எந்திரிச்சு மொத வேலை பாளையால தண்ணி எறைக்கிறது, அரை மணி நேரம். அப்புறம் கிளிஞ்சல் சுமை, புல்லுச் சுமை, நெல்லுச் சுமை, எல்லாத்தையும் ஏத்தி, ஒரு கல்லு மலையத் தள்ளுற மாதிரி தள்ளணும். கரையில நின்னுக்கிட்டு அவரு சொல்லுவாரு, மெதுவா, இடிச்சுறாத, சும்மா கெடைச்ச மரம்தான்னு நெனைக்காதன்னு. வேற வள்ளம் வாங்கலாம்னா, இது இருக்கேம்பாரு. அந்தக் கோடாலிய கார்த்து போட்டப்ப ஒரு போடு என் கையாலயும் போட்டேன். அவகிட்ட கேட்டு வாங்கிப் போட்டேன்.

மறு மாசம் அயினி வள்ளம் வாங்குனாரு, அழுதுக்கிட்டே. மயிலிறகு மாதிரி போச்சு. அந்த வள்ளத்துலதான் நான் கடத்துத் தொழிலே ஆரம்பிச்சேன்.

இதுல ஒருத்தன் மாட்டிக்கிட்டான், மாத்துக்குட்டி, கெழக்குக் கரைக்காரன். தண்ணி கெழக்க இழுத்துச்சுன்னா எருமை உன் கரையிலதான ஒதுங்கியிருக்கும், எங்க ஒளிச்சு வெச்சிருக்கன்னு அச்சாயன் போய் நின்னாரு. அவன் உன் எருமைய எவன்டா திருடுவான், சும்மா குடுத்தாலும் வேண்டாம்னான். அது போதாதா. முப்பத்தொம்பது வருஷமா ரெண்டு பேருக்கும் பேச்சு இல்ல. ஒரே கள்ளுக்கடை, ஒரே நேரம், ஆளுக்கொரு பெஞ்சு, முதுகக் காட்டிக்கிட்டுக் குடிப்பாங்க. பாவம் அவன். நான் அவனத் தனியாக் கடத்துறப்ப மட்டும் கூலி வாங்க மாட்டேன். ஏன்னு கேட்டான் ஒரு தடவ, நீ நல்லவன்னேன்.

சரி, நீங்க வந்தீங்க. வயலுக்குள்ள முக்காலி மாதிரி கம்பி நட்டு, குழாய எறக்கப் பாத்தீங்க, மூணு காலும் சேத்துக்குள்ள போயிருச்சு. அப்ப எங்க அச்சாயன் பக்கத்துல வந்து, சாரே, வரப்புல நல்ல எடம் ஒண்ணு இருக்கு, காய்ஞ்ச தரை, மாமரத்து நெழலு, அங்க துளைங்கன்னாரு. அங்க மண்ணு பழசான்னு கேட்டீங்க. ஆதி காலத்து மண்ணு சாரேன்னாரு. பொய் சொல்லல பாருங்க. மண்ணு பழசுதான், எடம்தான் புதுசு. அத நீங்க கேக்கல.

நான் பக்கத்துலதான் நின்னேன். தெரியாமச் சொல்றாருன்னு நெனச்சேன். எங்க போனாலும் குழாய் எருமை மேலதான் எறங்கணும்னு தலையெழுத்தான்னு நெனச்சேன். இருவது அடியில அந்தக் கறுப்புப் பலகைத் துண்டு வந்துச்சு, துளை போட்டது, துளையில நாலு இழை நாரு. நீங்க அங்கயே சேத்துல மண்டி போட்டு உக்காந்துட்டீங்க. உங்க கண்ணுல தண்ணிய நான் பாத்தேன் சாரே. அப்பவே சொல்லியிருக்கணும். இன்னைக்குச் சொல்லலாம் நாளைக்குச் சொல்லலாம்னு போயிருச்சு. அதுக்குள்ள மரத்த எங்கயோ அனுப்பி ஏழாயிரம்னு எழுதி வாங்கிட்டீங்க. அதுவும் சரிதான். மரத்துக்கு ஏழாயிரம். ஆனா மரத்தோட வயசு வேற, வள்ளத்தோட வயசு வேற. என் தாலியில இருக்குற தங்கம் எந்த யுகத்துலயோ மண்ணுக்குள்ள உண்டானது, அதுக்காக என் கல்யாணம் அந்த யுகத்துலயா நடந்துச்சு?

நாரோட வயசுக்கு அனுப்பியிருக்கீங்கள்ல? அடுத்த மாசம்தான் வரும்னீங்க. அது வர்றப்ப தெரிஞ்சுரும். ஆனா மந்திரி சனிக்கிழமை வர்றாரே.

உங்கள எப்படித் தடுக்குறதுன்னு ரொம்ப யோசிச்சேன். தோண்டுனா வரப்பு உடைஞ்சு முந்நூறு ஏக்கரும் போயிரும்னு பயமுறுத்தலாம்னு கூட நெனச்சேன். ஆனா வெளிப்பக்கம் கருங்கல் சொவரு கட்டிப் பத்து வருஷமாச்சு, நீங்க அதப் பாத்தவரு. அந்தப் பொய் நிக்காது.

அப்புறம் போன ஞாயித்துக்கெழம வந்துச்சு. நீங்க அந்தத் துண்ட கண்ணாடிக் குப்பியில தண்ணி ஊத்தி, எங்க வீட்டுக்குக் கொண்டு வந்தீங்கள்ல, சேட்டா பாருங்க, உங்க முன்னோர் தச்ச வள்ளம்னு. அவரு வாங்கி வெளிச்சத்துல புடிச்சுப் பாத்தாரு. அந்த நாரு இடது பக்கமா முறுக்கிப் போட்ட முடிச்சு. அவரு இடது கைக்காரரு சாரே. நீங்க கவனிச்சிருக்க மாட்டீங்க, விசில் கூட இடது கையாலதான் புடிப்பாரு. அருமையான வேலை, அந்தக் காலத்து ஆளு ஆளுதான்னாரு. குப்பியத் திருப்பிக் குடுத்துட்டு வாத்துக்கறிய ரெண்டாவது தடவ கேட்டு வாங்கித் தின்னாரு.

நீங்க போன பின்னால, முத்தத்துல உக்காந்து வெத்தல போட்டுக்கிட்டே, என்னப் பாக்காம, காயலப் பாத்துச் சொல்றாரு. அந்த எருமையோட பின் பலகைக்கு அடியில எங்க அப்பனோட வெத்தலச் செல்லத்த வெச்சிருந்தேன், பித்தளை, சனிக்கிழமை கெடைச்சுரும்னு.

என் கையில இருந்த சட்டி கீழ விழுந்துருச்சு. எப்பலேருந்து தெரியும்னேன். அன்னைக்கு சாயங்காலத்துலேருந்தேன்னாரு. வரப்பு வளைஞ்சு படுத்திருந்த விதத்தப் பாத்தப்பவே தெரிஞ்சுதாம். என் எருமை படுத்தா எப்படிப் படுக்கும்னு எனக்குத் தெரியாதான்னாரு. அப்புறந்தான் எனக்கு மூளையில தட்டுச்சு. தொடப்பக்கட்டைக்குக் காசு குடுக்காத மனுஷன் அந்த வருஷமே வளைவுல ஒரு மாங்கன்னு கொண்டாந்து நட்டாரு. நெழலுக்குன்னாரு. அடையாளம் வெச்சிருக்காரு சாரே, அடையாளம். முப்பத்தொம்பது வருஷமா தண்ணி ஊத்தி வளத்திருக்காரு. ஆளு வெச்சு எடுக்கச் செலவாகும்னு காத்துக்கிட்டிருந்திருக்காரு. நீங்க குழாயோட வந்தீங்க.

அப்ப மாத்துக்குட்டியோட எதுக்கு இத்தன வருஷம் சண்டைன்னு கேட்டேன். உன்கூடப் போட்டா சோறு யாரு போடுவான்னாரு.

சிரிப்பா வருதா, எனக்கும் வந்துச்சு. சண்டை போடணும்னுதான் வாயத் தொறந்தேன், சிரிப்பு வந்துருச்சு. அந்த மனுஷனும் சிரிச்சாரு, வெத்தலச் சாறு வேட்டியெல்லாம். ஆனா சாரே, திட்டத்த மட்டும் விடல. சனிக்கிழமை மெஷின் தோண்டி எருமை மேல வர்றப்ப, மந்திரி, பேப்பர்க்காரங்க, ஊரு, மாத்துக்குட்டி எல்லாரும் நிக்க, முன்னால போய் நின்னு, இது என் வள்ளம், என் பொண்டாட்டி முக்குனது, அடையாளம் வேணும்னா பின் பலகைக்கு அடியில எங்க அப்பன் பேரு போட்ட செல்லம் இருக்குன்னு சொல்லப் போறாரு. ராத்திரியும் பகலும் அதச் சொல்லிப் பாக்குறாரு, கண்ணாடி முன்னால நின்னு. உங்க மேல கோவமெல்லாம் இல்ல, உங்க மேல ரொம்பப் பிரியம். அவருக்கு என்னைய ஜெயிக்கணும், அவ்வளவுதான். நடுவுல நீங்க நசுங்குவீங்கங்கிறது அந்த மனுஷன் மண்டையில ஏறல.

அதனால பாருங்க, அவரு சொல்றதுக்கு முன்னால நீங்க சொல்லிரணும். அவரு சொன்னா அது கேலி, நீங்க சொன்னா அது ஆராய்ச்சி. காடு இருந்துச்சு, கடல் வந்துச்சு, மரத்துக்கு ஏழாயிரம், அது ஒண்ணும் பொய்யாகல. வள்ளம் மட்டும் நேத்திக்கு வந்தது, இந்த ஊர்ல மண்ண மாத்திப் போட்டது ஆறும் கடலும் மட்டும் இல்ல, கார்த்துவும்னு சொல்லுங்க. அவ பேரச் சொல்லுங்க, மறக்காம. அது எந்தப் பொஸ்தகத்துலயும் இல்லன்னு நெனைக்கிறேன்.

ஆதாரமா? பொம்பள பேச்ச யாரு நம்புவாங்கன்னு கேக்குறீங்க. நியாயந்தான். நீங்க உக்காந்திருக்கீங்கல்ல, அந்தப் பலகைக்கு அடியில கைய விடுங்க. இன்னும் உள்ள. துணியில சுத்தி இருக்கும். எடுங்க.

எருமைய முக்குறதுக்கு முன்னால எடுத்துட்டேன் சாரே. நல்ல பித்தளையாச்சே, மனசு வரல. மூடிக்கு உள்பக்கம் பாருங்க, அவரோட அப்பன் பேரு, கொல்ல வருஷம் ஆயிரத்து நூத்தி இருவத்தேழுன்னு வெட்டியிருக்கும், இங்கிலீஷ் கணக்குல ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அம்பத்திரெண்டு. உள்ள ஒரு பாக்கு இருந்துச்சு, அது உளுத்துப் போச்சு. சனிக்கிழமை இருவது அடி தோண்டி அவரு பின் பலகைக்கு அடியில கைய விடட்டும். ஒண்ணும் இருக்காது. அந்த மூஞ்சிய மட்டும் நான் பாக்கணும், அதுக்கு ஒரு எடம் பந்தல்ல முன்னால போட்டு வைங்க. அதுக்கப்புறம் நீங்க அந்தச் செல்லத்த மந்திரி கையில குடுங்க, அவரு வாயால சொன்ன அடையாளமே உங்களுக்கு ஆதாரம்.

இது எந்த ஆழத்துல கெடைச்சதுன்னு கேப்பாங்க. ஏலியாம்மாவோட அரிசிப் பத்தாயத்துல, ரெண்டு அடியிலன்னு சொல்லுங்க.

கழியக் கொஞ்சம் இப்படித் தள்ளுங்க. ஆமா, ஆகாயத்தாமரை எப்பவோ வெலகிருச்சு, நான்தான் ஊனிப் புடிச்சுக்கிட்டு நின்னேன். விசில் கேக்குதா? பாத்துட்டாரு. செல்லத்த சட்டைக்குள்ள வெச்சுக்குங்க, காலத் தூக்கிக்குங்க, கரை தட்டப் போகுது.